பென்சிலில் எழுதிய புகார்

என் கையெழுத்து அழகாக இருக்கும். இதை நானே சொல்லிக்கொள்ளக் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனால் மற்றவர்கள் சொல்லட்டும் என்று காத்திருந்தால் நான் ஓய்வு பெற்றுவிடுவேன். எங்கள் வீட்டில் நிலத்தைப் பார்ப்பது அண்ணன். பேனா பிடிக்க வந்தவன் நான். பாகூர்ப் பக்கத்திலிருந்து தினமும் ஸ்கூட்டரில் புதுச்சேரிக்கு வந்து, மின்சார ஆபீஸ் ஒன்றில் புகார் மேசையில் உட்கார்ந்து, "கரண்ட் இல்ல சார்" என்கிறவர்களிடம் "ஆள் வருவாங்க" என்று சொல்வது என் வேலை. பல வருடமாக இதே இரண்டு வார்த்தைதான். சலித்ததில்லை. ஏனென்றால் அதைக் கேட்கிறவர்கள் ஒவ்வொருவரும் புதுப்புது விதமாகத் திட்டுவார்கள்.

என் மேசையில் ஒரு போன், ஒரு கணினி, ஒரு பெரிய பதிவேடு. இந்தக் காலத்தில் பதிவேடா என்று கேட்காதீர்கள். கணினி வந்ததால்தான் பதிவேடு அவசியமாகிவிட்டது. கணினியில் புகாரை ஏற்றினால் அது மேலிடத்துக்குத் தெரியும். எத்தனை நாளாக நிலுவை என்று சிவப்பு எழுத்தில் காட்டும். ஏன், எதற்கு என்று போன் வரும். அதனால் எங்கள் ஆபீசில் ஒரு பழக்கம் உண்டு. புகார் வந்ததும் பதிவேட்டில் பென்சிலால் எழுத வேண்டும். லைன்மேன் போய் வேலையை முடித்துவிட்டு வந்தபின், பென்சில் வரியை ரப்பரால் அழித்து, அதே இடத்தில் பேனாவால் எழுத வேண்டும். சாயங்காலம் பேனா வரிகள் மட்டும் கணினிக்குப் போகும். இப்படியாக எங்கள் பிரிவில் நிலுவை என்பதே கிடையாது. பாராட்டுக் கடிதம் கூட வந்தது. சட்டம் போட்டு மாட்டியிருக்கிறோம்.

ஒவ்வொரு வரியின் கடைசிக் கட்டத்திலும் லைன்மேன் கையெழுத்துப் போட வேண்டும் என்பது விதி. யாரும் போடுவதில்லை என்பது வழக்கம்.

இந்த ஏற்பாட்டை யார் கண்டுபிடித்தார்கள் என்று எனக்குத் தெரியாது. எனக்கு முன்னால் அந்த நாற்காலியில் இருந்தவர் சொல்லிக்கொடுத்தார், கூடவே ஒரு ரப்பரையும் கொடுத்தார். தப்பு என்று எனக்கு ஒரு நாளும் தோன்றவில்லை. அதையும் சொல்லிவிட வேண்டும்.

வைத்திக்குப்பம் என்ற மீனவர் குப்பத்திலிருந்து ஒரு ஆள் முதல்முறை போன் செய்தது மழைக்காலத்தில் ஒரு திங்கட்கிழமை. எடுத்த எடுப்பில் "வணக்கம் முசியே" என்றார். ஊரில் பழைய ஆட்கள் பேனா வைத்திருக்கிற எவரையும் முசியே என்பார்கள். பிரெஞ்சுக்காரன் விட்டுப்போன மரியாதை அது. இவர் குரலில் மரியாதை கால்வாசி, கிண்டல் முக்கால்வாசி.

"எங்க தெரு முனையில கம்பம் இருக்கு பாருங்க, அத இழுத்துப் புடிச்சிக்கினு ஒரு கம்பி சாய்வா தரையில எறங்குது. அது கடிக்குது முசியே."

அதை நாங்கள் ஸ்டே கம்பி என்போம். கம்பம் சாயாமல் பிடித்துக்கொள்வது மட்டும்தான் அதன் வேலை, அதில் கரண்ட் இருக்கவே கூடாது. மேலே எங்காவது கசிந்தாலும் கீழே இறங்காமல் தடுக்க, கம்பியின் நடுவில் ஒரு பீங்கான் குண்டு வைத்திருப்போம். அது உடைந்திருந்தால் மழையில் கடிக்கும். இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும்.

"எப்படிக் கடிக்குது? கொசு மாதிரியா, நாய் மாதிரியா?" என்று கேட்டேன்.

"இப்போதைக்குக் கொசு. மழை வலுத்தா நாயாயிடும்."

"அப்ப தொடாதீங்க. ஆள் வருவாங்க."

இரண்டு பேரும் சிரித்தோம். பென்சிலை நன்றாகச் சீவி, வைத்திக்குப்பம், தெருமுனைக் கம்பம், ஸ்டே கம்பியில் மின்கசிவு என்று எழுதினேன். அவர் பெயரையும் எழுதினேன். 'கசிவு' அன்றைக்கு மிக நன்றாக வந்திருந்தது.

செவ்வாய்க்கிழமை மறுபடியும் அழைத்தார். "ஆள் வரல முசியே. பசங்க அந்தப் பக்கம் ஓடுதுங்க. சம்சாரத்தோட பழைய சேப்புப் புடவைய கிழிச்சு, காஞ்ச துடுப்பால தூக்கிக் கம்பியில தொங்க வுட்டுருக்கேன். எதனா சொல்வாளோன்னு பயமா இருக்கு."

"கரண்டுக்கா, சம்சாரத்துக்கா?"

"ரெண்டுக்கும்தான்."

கடற்கரைச் சாலையில் ஏதோ விழா. லைன்மேன்கள் எல்லோரும் சீரியல் விளக்கு போடப் போயிருந்தார்கள். எங்கள் ஜே.இ.யிடம், அதாவது பிரிவின் பொறியாளரிடம் சொன்னேன். "பார்க்கலாம்" என்றார். புதன்கிழமை மூன்றாவது தடவை போன் வந்தபோது வைத்திக்குப்பத்துக்காரர் குரலில் கிண்டல் பாதியாகக் குறைந்திருந்தது. நான் அதே பதிலைச் சொன்னேன். தொடாதீங்க, ஆள் வருவாங்க.

வியாழக்கிழமை காலை நல்ல மழை. கரையிலிருந்து வலைக்கூடையைத் தோளில் வைத்துக்கொண்டு வந்தவர், தெருமுனையில் தேங்கிய தண்ணீரில் வழுக்கினார். விழுகிறவன் கைக்கு எட்டியதைப் பிடிப்பான். சிவப்புத் துணிக்கு ஒரு முழம் கீழே அவர் கை பட்டது.

பத்து மணிக்கு ஆபீசுக்குச் சாவுச் செய்தி வந்தது. யார், எந்தத் தெரு என்று கேட்டதுமே பதிவேட்டில் அந்தப் பக்கத்தைத் திறந்தேன். பார்த்திராத மனிதர்தான், ஆனால் அவர் சிரிப்பு எனக்குத் தெரியும். ஜே.இ. என் மேசைக்கு வந்தார். பதிவேட்டை ஒரு பார்வை பார்த்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை. "பென்சில்ல கிடக்கறதையெல்லாம் கொஞ்சம் சுத்தம் பண்ணி வச்சிடுங்க. யாராவது பார்க்க வருவாங்க" என்று சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறிப் போய்விட்டார்.

ரப்பரைக் கையில் எடுத்தேன். அந்த வரியைப் படித்தேன். ரப்பரைக் கீழே வைத்துவிட்டுப் பேனாவைத் திறந்தேன். பென்சில் எழுத்தின் மேலேயே, ஒவ்வொரு எழுத்தாக, நீல மையால் எழுதினேன். இனி எந்த ரப்பராலும் இதை அழிக்க முடியாது. கை நடுங்கியது, ஆனாலும் நெஞ்சு கொஞ்சம் நிமிர்ந்தது. உண்மையைக் காப்பாற்றிவிட்டேன் என்று நினைத்தேன். ஜே.இ. சாயங்காலம் வந்து பதிவேட்டைப் புரட்டினார். மை வரியைப் பார்த்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன். "நல்லது" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். எனக்கு அப்போதும் விளங்கவில்லை.

சில மாதம் கழித்துத்தான் விளங்கியது, அதுவும் தட்டச்சு செய்யும்போது. இறந்தவரின் மனைவி கோர்ட்டில் வழக்குப் போட்டிருந்தார். அதற்கு ஆபீஸ் தரப்பில் கொடுக்கும் பதிலை நான்தான் கணினியில் அடித்தேன். முதல் மூன்று பத்தியில் ஆபீசின் பெருமை. நாலாவது பத்தியில், மேற்படி கம்பி குறித்து வந்த புகார் உடனடியாகச் சரிசெய்யப்பட்டது, வேலை முடிந்த புகார்கள் மட்டுமே மையால் எழுதப்படும் என்பது அலுவலக நடைமுறை, அந்தப் பதிவு மையால் எழுதப்பட்டுள்ளது என்று இருந்தது. ஐந்தாவது பத்தியில், இறந்தவர் தாமே சிவப்புத் துணி கட்டியிருப்பதால் ஆபத்தை அறிந்திருந்தார், அறிந்தும் தொட்டது அவருடைய கவனக்குறைவு என்று இருந்தது. சரிசெய்துவிட்ட கம்பியில் ஆபத்து எப்படி இருக்கும் என்று நாலாவது பத்தி ஐந்தாவது பத்தியைக் கேட்கவில்லை. எங்கள் ஆபீசில் யாரும் யாரையும் கேட்பதில்லை.

என் விரல் நின்றுவிட்டது. எத்தனையோ வருடமாக நானே காப்பாற்றிவந்த பழக்கம், அவசரத்தில் எனக்கு மறந்துபோயிருந்தது. அழிக்காமல் விட்டிருந்தால் அது பென்சில் வரி, வேலை நடக்கவில்லை என்பதற்குச் சாட்சி. அழித்திருந்தால் வெறும் இடம். நான் அதை வேலை முடிந்த புகாராக மாற்றி, அந்தச் செத்த மனிதரைப் பொய்யனாக்கி வைத்திருந்தேன், அதுவும் அழகான கையெழுத்தில். உலகத்தில் இப்படி ஒரு மடத்தனத்தைச் செய்ய எங்கள் ஆபீசில் வேலை பார்த்திருக்க வேண்டும்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை வைத்திக்குப்பம் போனேன். அவர் மனைவி கரையோரம் மீன் விற்கிறார் என்று விசாரித்து வைத்திருந்தேன். ஐம்பதைத் தாண்டிய அம்மா, உரத்த குரல். எதிரே போய் நின்றேன், சங்கரா மீன் வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். அதற்கடுத்த ஞாயிறு நெத்திலி. அதற்கடுத்த ஞாயிறு மறுபடி சங்கரா. வீட்டில் என் மனைவி, "கடல்ல எதனா மிச்சம் வச்சிருக்கீங்களா?" என்று கேட்டாள். நாலாவது ஞாயிறு மீனைத் தராசில் போடாமல் அந்த அம்மா என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"உனுக்கு மீன் பாக்கத் தெரியல. நேத்துப் புடிச்சதக் குடுத்தாலும் வாங்கினு போற. நீ மீனுக்கு வர்ல. என்னா சொல்ல வந்தியோ சொல்லு."

சொன்னேன். மேசை, போன், பென்சில், ரப்பர், பேனா எல்லாவற்றையும் ஈக்களுக்கு நடுவே நின்று சொன்னேன். கேட்கக் கேட்க அந்த அம்மாவின் முகம் கறுத்தது.

"நீ அழிச்சித் தொலைச்சிருந்தா கூட நல்லா இருந்திருக்கும் போல."

"ஆமாங்க்கா."

"புத்தி வேணாம்? படிச்ச ஆளு தானே நீ?" என்று ஆரம்பித்து, பக்கத்துக் கடைக்காரி திரும்பிப் பார்க்கும் அளவுக்குத் திட்டினார். என் பணிக்காலத்தில் வாங்கிய திட்டுகளில் அதுதான் நியாயமானது. பிறகு அரிவாள்மணையை ஓரமாகத் தள்ளிவைத்தார்.

"போன்ல அவுரு என்னா சொன்னாரு?"

இதை நான் எதிர்பார்க்கவில்லை. ஆனால் சொல்லாமல் இருக்க முடியவில்லை. முசியே என்று கூப்பிட்டதைச் சொன்னேன். கொசு, நாய், சேப்புப் புடவை, கரண்டுக்கும் சம்சாரத்துக்கும் பயம், எல்லாவற்றையும் சொன்னேன். தொடாதீங்க என்று நான் சொல்லிச் சிரித்ததையும் சொன்னேன்.

அந்த அம்மா கையிலிருந்த செதிலைத் தண்ணீரில் கழுவினார். "அந்தப் பொடவைக்கு அவுர ரெண்டு நாளு திட்டுனேன்" என்றார். அப்புறம் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இத்தெல்லாம் கோர்ட்டுல வந்து சொல்லு. நீ சிரிச்சதையும் சொல்லணும்" என்றார்.

சரி என்றேன். அப்படிச் சொல்லும்போது என் வேலை, என் வீட்டுக் கடன், பிள்ளையின் படிப்பு எல்லாம் வரிசையாக வந்து முன்னால் நின்றன. நான் பெரிய வீரன் இல்லை. வேறு எந்தப் பதிலும் அந்த இடத்தில் வாயில் வரவில்லை, அவ்வளவுதான்.

அந்த அம்மாவின் வக்கீலம்மா சட்டத்தை எனக்கு இரண்டு நிமிடத்தில் விளக்கினார். "கரண்ட் மாதிரி ஆபத்தான ஒண்ணை ஊருக்குள்ள ஓட விடறவங்கதான் அதுக்குப் பொறுப்பு. நாங்க கவனமாத்தான் இருந்தோம்னு சொல்லித் தப்பிக்க முடியாது. ஆனா அவரே தெரிஞ்சு போய்த் தொட்டாருன்னு சொல்றாங்க பாருங்க, அதைத்தான் உடைக்கணும். அவர் மூணு தடவை உங்க ஆபீஸுக்குப் பேசினது போன் கணக்குல இருக்கு. கரண்ட் பில்லு பத்திப் பேசியிருப்பாருன்னு சொல்லிட்டாங்க. அதனால நீங்க வேணும்."

சாட்சிக் கூண்டில் ஏறினேன். பின்வரிசையில் ஜே.இ. உட்கார்ந்திருந்தார். இந்த முறை என் முகத்தைப் பார்த்தார். எங்கள் ஆபீஸ் வக்கீல் பதிவேட்டை நீட்டினார்.

"இது உங்கள் கையெழுத்தா?"

"ஆமாம்."

"மையால் எழுதினால் வேலை முடிந்தது என்று பொருள். சரிதானே?"

"சரிதான். ஆனால் இந்த வரியை அவர் இறந்த பிறகு நான் மையால் எழுதினேன். வேலை எதுவும் நடக்கவில்லை."

"இதை நம்புவதற்கு என்ன இருக்கிறது? உங்கள் வாய்ச்சொல்லைத் தவிர?"

பதிவேட்டைப் பார்த்தேன், என் அழகான வரியைப் பார்த்தேன். அப்போதுதான் அதன் அழகின்மை கண்ணில் பட்டது. கை நடுங்கி எழுதியதால் மை பென்சிலை விட்டு அங்கங்கே விலகியிருந்தது. 'கசிவு' இரட்டையாகத் தெரிந்தது.

"ஐயா, வேலை முடிந்தால் நாங்கள் பென்சிலை அழித்துவிட்டுத்தான் பேனாவால் எழுதுவோம். இந்த ஒரு வரியில் மட்டும் அடியில் பென்சில் அப்படியே இருக்கிறது. மற்ற வரிகளைப் பாருங்கள், எதிலும் இருக்காது."

நீதிபதி பதிவேட்டைக் கேட்டு வாங்கினார். ஜன்னல் பக்கம் சாய்த்துப் பிடித்தார். வெளிச்சத்தில் பென்சில் கரி மின்னியதை நான் நின்ற இடத்திலிருந்தே பார்த்தேன். ஒரு பக்கம் முன்னே புரட்டினார், ஒரு பக்கம் பின்னே புரட்டினார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு மறுபடி பார்த்தார். அவர் தலைக்கு மேல் மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. எங்கள் ஆபீஸ்தான் அதற்கும் கரண்ட் கொடுக்கிறது.

"அவர் போன் செய்தபோது நீங்கள் என்ன பதில் சொன்னீர்கள்?" என்று நீதிபதி கேட்டார்.

"தொடாதீர்கள் என்று சொன்னேன். மூன்று தடவையும். முதல் தடவை சிரித்துக்கொண்டே சொன்னேன்."

அதை அப்படியே பதிவு செய்தார்கள். திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை. இறங்கி வரும்போது அந்த அம்மா தலையை ஒரு தடவை அசைத்தார்.

தீர்ப்பு வந்தது. என் பங்கை விரிவாகப் பாராட்டியிருப்பார்கள் என்று ரகசியமாக எதிர்பார்த்தேன். எனக்கு இரண்டு வரிதான். புகார் வந்திருந்தாலும் வராவிட்டாலும், பழுதைச் சரிபார்த்திருந்தாலும் இல்லாவிட்டாலும், பொது இடத்தில் நின்ற கம்பியில் மின்சாரம் இறங்கி ஒருவர் இறந்தால் அதற்கு மின்சாரம் வழங்குகிறவர்களே பொறுப்பு என்று நீளமாக எழுதியிருந்தார் நீதிபதி. நஷ்டஈடு கொடுக்கச் சொல்லியிருந்தார். ஆனால் அந்த அம்மா வக்கீலைத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொன்னது வேறு ஓர் இடம். இறந்தவரிடம் எந்தக் கவனக்குறைவும் இல்லை. எச்சரிக்கைத் துணி கட்டியதும் மூன்று முறை புகார் செய்ததும் அவரிடம் இருந்த அக்கறையையே காட்டுகின்றன. மூன்றாவது தடவை படித்து முடித்தபோது கோர்ட் வராந்தாவிலேயே உட்கார்ந்து அழுதார். எனக்கும் கண் கலங்கியது. சங்கரா வாங்கப் போகாமல் இருந்திருந்தால் இதைப் பார்த்திருக்க மாட்டேன்.

ஆபீசில் எனக்கு மெமோ வந்தது. உரிய அனுமதியின்றிப் பதிவேட்டில் மையால் எழுதிய குற்றம். சரியான குற்றச்சாட்டு, ஒப்புக்கொண்டேன். பீங்கான் குண்டை மாற்றாத குற்றத்துக்கு யாருக்கும் மெமோ வரவில்லை. என்னைச் சில மாதம் கருவடிக்குப்பம் பக்கத்து ஆபீசுக்கு அனுப்பினார்கள். என் இடத்தில் உட்கார்ந்தவர் திட்டு தாங்காமல் விடுப்பில் போய்விட்டதால் திரும்ப வரவழைத்துவிட்டார்கள். ஜே.இ. மாறிவிட்டார். ரப்பரை நான் ஒரு நாள் குப்பையில் போட்டேன். பென்சிலை வீட்டுக்கு எடுத்துப் போனேன், மனைவி மளிகைச் சீட்டு எழுதுகிறாள். இப்போது எங்கள் பிரிவில் நிலுவை இருக்கிறது, கணினியில் சிவப்பாக. மேலிடத்திலிருந்து தினமும் போன் வருகிறது. பாராட்டுக் கடிதம் மட்டும் இன்னும் அதே ஆணியில்தான் தொங்குகிறது.

போன மழைக்காலத்தில் ஒரு நாள் மதியம் போன் அடித்தது.

"வணக்கம் முசியே."

பெண் குரல். பின்னால் மழையும் மீன் பேரமும் கேட்டன. எழுந்து நின்றுவிட்டேன்.

"பின்னாடித் தெருவுல இன்னொரு கம்பம். கம்பியில தண்ணி வழியுது, லேசா சுர்ருங்குது. எழுது."

"எழுதிட்டேங்க்கா."

"எதுல எழுதுன?"

"பேனாவுல."

"வாசி."

வாசித்தேன். கம்பம், தெரு, நேரம், சொன்னவர் பெயர். அந்த அம்மா ஒவ்வொன்றுக்கும் உம் கொட்டினார்.

"செரி. ஆளு வர்ற வரிக்கும் நான் போனை வெக்க மாட்டேன். நீயும் வெக்காத."

வலது காதில் அவரை வைத்துக்கொண்டு, இடது காதில் என் செல்லில் லைன்மேனைப் பிடித்தேன். சாப்பிட்டுக்கொண்டிருந்தார், கையைக் கழுவச் சொன்னேன். அந்தப் பக்கம் யாரோ நெத்திலிக்கு விலை கேட்டார்கள், அந்த அம்மா போனைக் காதிலிருந்து எடுக்காமலே விலை சொன்னார், அவர்கள் குறைக்கச் சொன்னார்கள், இவர் திட்டினார். ஒரு குழந்தையை "அந்தாண்ட போவாத, இங்க வா" என்று அதட்டினார். மழை வலுக்கும் சத்தம் கேட்டது.

"முசியே, இருக்கியா?"

"இருக்கேங்க்கா."

"இந்த வாட்டி தொடாதீங்கன்னு சொல்லலியே நீ."

"இல்லக்கா. சொல்லல."

"உம்" என்றார். போனை வைக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் மழைக்கு நடுவே எங்கள் லைன்மேனின் பைக் சத்தம் கேட்டது.